பதில் வராத பெயர்

ஜனவரி 9

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே நலம். நீ எப்படி இருக்கிறாய்? முழங்கால் வலி தேவலையா? மாடிப்படி ஏறக்கூடாது என்று மருத்துவர் சொன்னதை நீ காதில் போட்டுக்கொண்டிருக்க மாட்டாய். துணி காயப்போடுவதற்காவது வேறு இடம் பார்.

பாலங்களின் வரலாற்றை முடித்த கையோடு அடுத்த புத்தகத்தைத் தொடங்கிவிட்டேன். இந்தத் தடவை மனிதர்களின் பெயர்கள். ராஜாக்களின் பெயர் இல்லை, அதற்கு ஆள் நிறைய இருக்கிறார்கள். சாதாரண வீட்டில் பிறந்த ஒரு சாதாரணப் பிள்ளைக்கு ஏன் அந்தப் பெயரை வைத்தார்கள் என்பதுதான் என் கேள்வி. பிரசவம் பார்த்த மருத்துவரின் பெயரை வைத்தவர்கள் இருக்கிறார்கள். சண்டை போட்டுப் பிரிந்த சிநேகிதியின் பெயரை வைத்தவர்கள் இருக்கிறார்கள். பக்கத்து வீட்டுக்காரி வைக்க நினைத்த பெயரை முந்திக்கொண்டு வைத்த ஒரு அம்மாவைப் போன வாரம் பார்த்தேன். இன்னும் இரண்டு வீட்டுக்கும் பேச்சுவார்த்தை இல்லை.

வேலைக்கு ஒரு விதி வைத்திருக்கிறேன். காகிதத்தில் இருக்கிறது என்பதற்காக மட்டும் ஒரு பெயரைப் புத்தகத்தில் சேர்க்க மாட்டேன். அதைச் சொல்லி ஒருவர் கூப்பிட்டிருக்க வேண்டும். அதைக் காதால் கேட்ட இன்னொருவர் இருக்க வேண்டும். இரண்டு பேரும் கிடைத்தால்தான் பெயர் உள்ளே வரும். "சார், செத்துப்போனவங்களுக்கெல்லாம் நான் எங்க போய் சாட்சி பிடிக்கறது?" என்று பதிப்பாளர் தலையில் அடித்துக்கொள்கிறார்.

நீ மருத்துவமனையில் காலம் முழுக்கப் பெயர் கூப்பிட்டவள். உன்னிடம் இல்லாத கதையா? நாலு எழுது.

மாப்பிள்ளை வேலையாக வெளியூர் போயிருப்பதால் மகள் இங்கேதான் இருக்கிறாள். அவள் அம்மா போன பிறகு வீட்டில் இப்போதுதான் மறுபடி பேச்சுச் சத்தம் கேட்கிறது. உன்னைக் கேட்டதாகச் சொல்லச் சொன்னாள்.

அன்புடன்,
தம்பி


ஜனவரி 21

அன்புள்ள தம்பிக்கு,

கடிதம் கிடைத்தது. முழங்கால் இருக்கிறது, வலியும் இருக்கிறது. இரண்டும் ஒற்றுமையாக இருக்கின்றன, நான் குறுக்கே போவதில்லை. நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா? உன் மகள், அந்த வாலு, கூட இருப்பது எனக்கு நிம்மதி. அவள் இல்லாவிட்டால் நீ காகிதத்தைத் தின்றுவிட்டுத் தண்ணீர் குடித்துப் படுத்துவிடுவாய்.

போனில் பேசலாமே என்று போன மாதம் கேட்டாய். போனில் நீ பேசுவாய், நான் கேட்பேன். கடிதத்தில்தான் எனக்கும் ஒரு முறை வருகிறது. அதனால் இப்படியே இருக்கட்டும்.

கதை கேட்டாய். எங்கள் மேஜைக்கு மருத்துவர் அறையிலிருந்து சீட்டுகள் வரும். நான் மேலே இருப்பதை எடுத்துப் பெயரைக் கூப்பிடுவேன். கூடம் நிறைய பெஞ்சு, பெஞ்சு நிறைய ஜனம். மூன்று தடவை கூப்பிடுவோம். எழுந்து வராவிட்டால் சீட்டை அடியில் செருகிவிட்டு அடுத்த பெயர். ஒருநாள் ஒரு பெரியவருடைய சீட்டு காலையிலிருந்து அடிக்கும் மேலுக்குமாகச் சுற்றிக்கொண்டே இருந்தது. ஆள் என் எதிரிலேயே உட்கார்ந்து கூப்பிட்டவர்களை எல்லாம் வேடிக்கை பார்த்துக்கொண்டிருக்கிறார். கடைசியில் அவர் மனைவி வந்து விலாவில் ஒரு குத்து விட்டாள். "யோவ் கட்டை, உன்னைத்தான்யா கூப்பிடறாங்க!" மனிதரைப் பிறந்ததிலிருந்து எல்லோரும் கட்டை என்றுதான் கூப்பிட்டிருக்கிறார்கள். தன் சொந்தப் பெயர் அவருக்கே மறந்துபோயிருக்கிறது. எழுந்து வந்து, "அது நானாம்மா?" என்று கேட்டார் பார், கூடமே சிரித்தது.

இரட்டைப் பையன்களுக்கு ஒரே பெயரை வைத்த அப்பன் ஒருத்தன் உண்டு. பிடித்த பெயரை ஒருத்தனுக்கு மட்டும் வைக்க மனசு வரவில்லையாம். ஒருத்தனுக்குக் காய்ச்சல் என்றால் மற்றவன் வந்து ஊசி போட்டுக்கொண்டு போவான்.

உன் விதியைப் படித்தேன். ஒரு சந்தேகம். பெயர் வைத்தாகிவிட்டது, ஆனால் அதைச் சொல்லிக் கூப்பிட்டதை யாரும் கேட்கவில்லை. அப்படி ஒன்று இருந்தால் அதை என்ன செய்வாய்? சும்மாதான் கேட்கிறேன்.

உன் எழுத்து ஏன் இவ்வளவு பெரிதாகிவிட்டது? ஒரு பக்கத்தில் நாலு வரி. காகிதம் விற்பவன் உனக்குச் சொந்தமா?

ஆசிகளுடன்,
அக்கா


பிப்ரவரி 3

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். நலமறிய ஆவல். கட்டை இரண்டாவது அத்தியாயத்தில் ஏறிவிட்டார். வாலு வாசித்துவிட்டு நாற்காலியிலிருந்து விழாத குறையாகச் சிரித்தாள்.

எழுத்து பெரிதானதற்குக் காரணம் புதுப் பேனா. முனை தடிமன். வேறொன்றுமில்லை.

உன் சந்தேகம் நல்ல சந்தேகம். நானும் நிறைய யோசித்தேன். யாரும் கேட்காத பெயர் பெயரே இல்லை, அக்கா. அது ஒரு ஆசை. மனசுக்குள் ஆயிரம் ஆசை இருக்கும், அதற்கெல்லாம் வரலாறு எழுத முடியாது. பெயர் என்பது இரண்டு பேருக்கு நடுவில் நடக்கிற காரியம். கடன் கேட்பது மாதிரி, ஒரு ஆள் மட்டும் இருந்தால் நடக்காது. இதை முன்னுரையிலேயே எழுதிவிட்டேன். நீ கேட்டதால்தான் எனக்கு இவ்வளவு தெளிவாக வந்தது, உனக்கு நன்றி சொல்லியிருக்கிறேன்.

அடுத்த கடிதத்தில் இன்னும் இரண்டு கதை அனுப்பு. உடம்பைப் பார்த்துக்கொள்.

அன்புடன்,
தம்பி


ஏப்ரல் 12

அன்புள்ள அக்காவுக்கு,

நலம்தானே? இரண்டு மாதமாக உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. பக்கத்து வீட்டு டீச்சருக்குப் போன் போட்டுக் கேட்டேன், "நல்லாத்தான் இருக்காங்க, நேத்துகூட மாடியில துணி காயப்போட்டாங்க" என்றார். அப்படியானால் என்மேல் கோபம். எதற்கு என்றுதான் புரியவில்லை. கட்டை கதையைத் திருடியதற்கா?

இந்தக் கடிதம் டைப் அடித்து வருகிறது என்று முகம் சுளிக்காதே. கையெழுத்து சரியில்லை என்று நீதானே குறை சொன்னாய்.

கடைசி அத்தியாயத்துக்கு வந்துவிட்டேன். ஊரார் வீட்டுப் பெயர்களை எல்லாம் கிளறிவிட்டு என் வீட்டைப் பற்றி எழுதாவிட்டால் நியாயமில்லை. அதனால் மகளின் பெயரோடு புத்தகத்தை முடிக்கிறேன். அவள் பிறந்த அன்று நடந்தது உனக்குத் தெரியாது. நாங்கள் பெயர் எதுவும் முடிவு செய்திருக்கவில்லை. அவள் அம்மா ஒன்று சொல்ல, நான் ஒன்று சொல்ல, இழுபறியாகவே இருந்தது. நர்ஸ் வந்து, "கொழந்தைக்கு என்ன பேரு சார்?" என்றார். என் வாய் தானாகத் திறந்து அந்தப் பெயரைச் சொன்னது. அதற்கு முன் அதை நான் நினைத்ததே இல்லை. நம் வீட்டில் யாருக்கும் இல்லாத பெயர், எனக்குத் தெரிந்த யாருக்கும் இல்லாத பெயர். அவள் அம்மாகூட மறுபேச்சுப் பேசவில்லை. ஆகவே புத்தகத்தின் கடைசி வரி இப்படி வருகிறது: "நான் தேடிப்போன பெயர்களுக்கெல்லாம் ஒரு முன்கதை இருந்தது. என் மகளின் பெயருக்கு மட்டும் இல்லை. அவளுக்கு முன் அந்தப் பெயரில் யாரும் இருக்கவில்லை."

நன்றாக வந்திருக்கிறதா? எனக்குப் பிடித்திருக்கிறது.

உன்னையும் வம்புக்கு இழுத்திருக்கிறேன். பிறந்த நாளிலிருந்து நீ அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. குட்டி, சுண்டெலி, இப்போது வாலு. கல்யாணப் பரிசின்மேல்கூட "மணமகளுக்கு" என்றுதான் எழுதினாய். "அத்தைக்கு மட்டும் ஏனோ அந்தப் பெயர் பிடிக்கவில்லை" என்று ஒரு வரி சேர்த்திருக்கிறேன். விளையாட்டாகத்தான். ஆனால் உண்மைக் காரணம் என்ன என்று சொன்னால் அதையே எழுதிவிடுவேன்.

பதில் போடு.

அன்புடன்,
தம்பி


ஏப்ரல் 24

அன்புள்ள தம்பிக்கு,

நலம். நீங்கள் இருவரும் நலமாக இருக்க வேண்டும். வெயில் தாங்கவில்லை. சமையலறைக் குழாய் ஒழுகுகிறது, ஆள் வருகிறேன் வருகிறேன் என்று ஒரு வாரமாக வருகிறான்.

பெயர் நல்ல பெயர்தான். பிடிக்கவில்லை என்று நான் யாரிடமும் சொன்னதில்லை. என்னைப் பற்றிப் புத்தகத்தில் எழுத வேண்டாம்.

டைப் அடித்த கடிதம் கரண்ட் ஆபீஸ் நோட்டீஸ் மாதிரி இருக்கிறது. கோணலாக இருந்தாலும் கையால் எழுது.

அக்கா


மே 8

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். குழாய்க்காரன் வந்தானா?

நான் கேட்டது ஒன்று, நீ சொன்னது ஒன்று. குழாயைப் பற்றி ஐந்து வரி, கேட்ட கேள்விக்கு அரை வரி. சரி, மனசில் இருப்பதைச் சொல்லிவிடுகிறேன். இத்தனை வருடமாக எனக்கு அது உறுத்திக்கொண்டுதான் இருக்கிறது. அவள் பிறந்தபோது நீ பார்க்க வரவில்லை. மூன்று மாதம் கழித்து வந்தாய், கையில் எடுத்தாய், உடனே தொட்டிலில் விட்டாய். உனக்குப் பிள்ளை தங்கவில்லை என்பது எனக்குத் தெரியாததா? அதனால்தான் நாங்கள் யாரும் வாய் திறக்கவில்லை. ஆனால் அவள் என்ன செய்தாள்? அவள் பெயர் என்ன செய்தது?

பதிப்பாளர் ஜூன் கடைசியில் அச்சுக்கு அனுப்புகிறார். அதற்குள் எதுவும் சொல்லவில்லையென்றால் இருப்பது இருப்பதுபோலவே போகும். உன்னைப் பற்றிய வரியை எடுத்துவிடுகிறேன். கடைசி வரியை எடுக்க மாட்டேன்.

உடம்பைக் கவனித்துக்கொள்.

தம்பி


ஜூன் 5

அன்புள்ள அத்தைக்கு,

வணக்கம். நலமாக இருக்கிறீர்களா? நான் நலம். அப்பாவைப் பற்றிச் சொல்லக்கூடாது என்று அப்பா சொல்லியிருக்கிற ஒரு விஷயம் இருக்கிறது, அதனால் சொல்லவில்லை. பயப்படும்படி ஒன்றுமில்லை.

அப்பாவுக்குத் தெரியாமல் எழுதுகிறேன். உங்களுக்குள் என்ன சண்டை என்று அவர் சொல்லவில்லை, ஆனால் அது என் பெயரில்தான் வந்து நிற்கிறது என்று புரிகிறது. தினமும் வாசலில் தபால் பெட்டியைத் திறந்து கையை விட்டுத் துழாவிவிட்டு, ஒன்றும் நடக்காத மாதிரி உள்ளே வருகிறார்.

எனக்கு எட்டு வயதில் காதுவலி வந்தது ஞாபகம் இருக்கிறதா அத்தை? விடுமுறைக்கு உங்கள் வீட்டில் இருந்தேன். உங்கள் மருத்துவமனைக்கே கூட்டிப்போனீர்கள். என்னைப் பெஞ்சில் உட்காரவைத்துவிட்டு மேஜைக்குப் போய்விட்டீர்கள். எனக்கு ஒரே பெருமை. எங்க அத்தை மைக் இல்லாமலே கூடம் முழுக்கக் கேட்கிற மாதிரி கூப்பிடுவாங்க, இப்ப என் பேரையும் கூப்பிடப் போறாங்க என்று பக்கத்தில் இருந்தவர்களிடமெல்லாம் சொன்னேன். என் சீட்டு உங்கள் கைக்கு வந்தது. நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். நீங்கள் அதைக் கொஞ்ச நேரம் கையில் வைத்திருந்துவிட்டுப் பக்கத்து மேஜைக்குத் தள்ளிவிட்டீர்கள். அங்கே இருந்த அக்காதான் என்னைக் கூப்பிட்டார்.

நான் அன்று அழுதேன். காதுவலி என்று நினைத்து நீங்கள் பஞ்சு வாங்கிக் கொடுத்தீர்கள்.

வாலு என்று நீங்கள் கூப்பிடுவது எனக்குப் பிடிக்கும். அதை நிறுத்தச் சொல்லவில்லை. என் பெயரில் என்ன குறை என்று மட்டும் சொல்லுங்கள். கெட்டது ஏதாவது இருந்தாலும் பரவாயில்லை, தாங்கிக்கொள்வேன்.

அன்புடன்,
வாலு


ஜூன் 19

அன்புள்ள தம்பிக்கு,

நான் நலம். நீங்கள் இருவரும் நலமாக இருக்க வேண்டும். இந்தக் கடிதத்தை வாலுவிடம் காட்டாதே. படித்துவிட்டுக் கிழித்துப் போட்டுவிடு.

எனக்குப் பிள்ளை தங்கவில்லை என்று எழுதியிருந்தாய். எல்லோரும் அப்படித்தான் சொன்னார்கள். அவள் சாயங்காலம் பிறந்தாள், விடிகிறவரைக்கும் இருந்தாள். ஒரு ராத்திரி முழுக்க என் பக்கத்தில் இருந்தவளை எப்படிச் சொல்வது என்று யாருக்கும் தெரியவில்லை. "அந்த விஷயம்" என்றார்கள். அம்மா அப்படிச் சொன்னாள், உன் அத்தான் சாகும்வரை அப்படித்தான் சொன்னார். அவர் பையன்தான் என்று நம்பி ஒரு பெயர் யோசித்து வைத்திருந்தார். பெண்ணுக்கு நான் வைத்திருந்ததைக் கேட்கவில்லை.

நான் வைத்திருந்தேன். எங்கிருந்து வந்தது என்று நீ கேட்பாய், அதையும் சொல்லிவிடுகிறேன். ஏழு மாதமாக இருந்தபோது பேருந்து நிறுத்தத்தில் நின்றுகொண்டிருந்தேன். யாரோ ஒரு அம்மா சாலைக்கு அந்தப் பக்கம் நின்ற தன் மகளைக் கூப்பிட்டாள். அந்தப் பெண் சட்டென்று திரும்பிப் பார்த்துச் சிரித்தாள். அவ்வளவுதான். நானும் அப்படிக் கூப்பிட வேண்டும், என் பிள்ளையும் அப்படித் திரும்ப வேண்டும் என்று ஆசைப்பட்டேன். நீ பிப்ரவரியில் எழுதிய அதே ஆசைதான்.

விடிகிற நேரத்தில் அவள் மூச்சு மாறியது. நர்ஸ் மருத்துவரைக் கூப்பிட ஓடினார். அத்தான் மருந்துக் கடையைத் திறக்கச் சொல்லித் தட்டிக்கொண்டிருந்தார். அறையில் நான் மட்டும். பெயரைச் சொல்லிக் கூப்பிட்டேன். சத்தமாகத்தான் கூப்பிட்டேன். மூன்று தடவை. அவள் கேட்டாளா என்று எனக்குத் தெரியாது.

பிறகு வீட்டில் உட்கார முடியாமல் வேலைக்குப் போனேன். போன இடத்தில் கொடுத்த வேலை பெயர் கூப்பிடுவது. மூன்று தடவை கூப்பிட்டுப் பதில் இல்லையென்றால் சீட்டை அடியில் வைக்க வேண்டும் என்று சொல்லிக்கொடுத்தார்கள். எனக்கு யாரும் சொல்லிக்கொடுத்திருக்க வேண்டாம்.

நான் அவளைக் கூப்பிட்ட அந்த விடியலில் அறைக்கு வெளியே வராந்தாவில் ஒரு ஆள் இருந்தான். கல்லூரியிலிருந்து நேராக வந்து, மடியில் பிளாஸ்கை வைத்துக்கொண்டு பெஞ்சில் தூங்கிப்போயிருந்தான். அது நீ.

ஒன்பது வருடம் கழித்து உன் கடிதம் வந்தது. பெண் பிறந்திருக்கிறாள், இதுதான் பெயர் என்று. அதே பெயர். கடிதத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு வேலைக்குப் போனேன். நீ தெரிந்தே எடுத்தாயா, தெரியாமல் எடுத்தாயா? தெரிந்து எடுத்திருந்தால் என்னிடம் ஒரு வார்த்தை ஏன் கேட்கவில்லை? தெரியாமல் என்றால் அது உன் வாய்க்கு எப்படி வந்தது? இதைத்தான் இத்தனை வருடமாக நினைத்துக்கொண்டிருந்தேன். உன்னைக் கேட்க வாய் வரவில்லை. கேட்டால் நீ பெயரை மாற்றிவிடுவாய், எனக்கு உன்னைத் தெரியும். மாற்றாமல் இருந்தால் எங்கேயோ ஒரு வீட்டில் யாரோ அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவார்கள், ஒரு பிள்ளை ஓடிவரும். அது நடக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

ஆனால் என் வாயால் முடியவில்லை. நான் கூப்பிட்டு வாலு திரும்பிவிட்டால், என் மகள் திரும்பாமல் போனது இன்னொரு தடவை நடந்த மாதிரி ஆகிவிடும். இதை அந்தக் குழந்தைக்கு எப்படிச் சொல்வது? அவளுக்கு எட்டு வயதில் காதுவலி என்று நினைத்துப் பஞ்சு வாங்கிக் கொடுத்திருக்கிறேன். அவள் எனக்கு எழுதியதைப் படித்த பிறகுதான் அது தெரிந்தது.

நீ ஒரே ஒரு காரியம் செய். அந்தக் கடைசி வரியை எடுத்துவிடு. அவளுக்கு முன் அந்தப் பெயரில் யாரும் இருக்கவில்லை என்று அச்சில் வந்துவிட்டால் அதுதான் உண்மையாகிவிடும். அவளுக்கு என்னைத் தவிர யாரும் இல்லை. நானும் போய்விட்டால் உன் புத்தகம்தான் இருக்கும், அதில் அவள் இல்லை என்று எழுதியிருக்கும். அதற்குப் பதிலாக அவளைப் பற்றி எழுதிவிடவும் வேண்டாம். வரியை மட்டும் எடு.

அக்கா


ஜூன் 28

அன்புள்ள அத்தைக்கு,

உங்கள் கடிதத்தை அப்பாவுக்கு வாசித்தது நான்தான்.

மன்னித்துவிடுங்கள். அப்பாவுக்குக் கண் தெரியவில்லை. போன வருடக் கடைசியில் ஆரம்பித்தது, பிப்ரவரியில் ஒரு பக்கம் போய்விட்டது, மறு பக்கத்தில் வெளிச்சமும் நிழலும் மட்டும் தெரிகிறது. அறுவை சிகிச்சையும் பலிக்கவில்லை. "அக்காகிட்ட சொன்னா முழங்காலோட ராத்திரியே பஸ் ஏறிடும்" என்று சொல்லக்கூடாதென்று சத்தியம் வாங்கிக்கொண்டார். ஏப்ரல் மாதக் கடிதத்தை அவர் சொல்லச் சொல்ல நான்தான் டைப் அடித்தேன், ஒரு வார்த்தைகூட மாற்றாமல், என்னைப் பற்றி எழுதியது உட்பட. மே மாதக் கடிதத்தை மட்டும் நண்பர் வீட்டில் அடித்திருக்கிறார். அதில் என்ன இருந்தது என்று இப்போதுதான் தெரியும்.

நேற்றுச் சாயங்காலம் உறையைப் பிரித்து வாசிக்க ஆரம்பித்தேன். வாலுவிடம் காட்டாதே என்ற வரி வந்ததும் நிறுத்திவிட்டேன். பக்கத்து வீட்டு மாமாவைக் கூப்பிடட்டுமா என்று கேட்டேன். "வேண்டாம், நீயே வாசி" என்றார் அப்பா. அதே பெயர் என்ற வரியை இரண்டு தடவை வாசித்தேன். அங்கிருந்து மெதுவாக வாசித்தேன். முடித்ததும் அப்பா எழுந்து சுவரைப் பிடித்துக்கொண்டே குளியலறைக்குப் போனார். ரொம்ப நேரம் குழாயில் தண்ணீர் விழுகிற சத்தம் மட்டும் கேட்டது.

கிழிக்கச் சொன்னீர்கள். கிழிக்க மனசு வரவில்லை. உங்கள் கையெழுத்து அத்தை அது.

எனக்கு ஒரு அக்கா இருந்திருக்கிறாள். அதை மட்டும் சொல்லிக்கொள்கிறேன்.

வாலு


ஜூலை 14

அக்கா,

கையால் எழுதச் சொன்னாய். எழுதுகிறேன். வரிமேல் வரி ஏறியிருந்தால் பொறுத்துக்கொள். அட்டையை வைத்து ஓரம் பிடித்துக்கொண்டுதான் எழுதுகிறேன். மகள் உதவிக்கு வந்தாள், வேண்டாம் என்றேன்.

கண் விஷயத்தை மறைத்ததற்குத் திட்டு. ஆனால் பிறகு திட்டு.

அந்த வராந்தா எனக்கு நினைவிருக்கிறது. பிளாஸ்க் சூடு நினைவிருக்கிறது. கதவில் இருந்த சொரசொரப்பான கண்ணாடி, அதற்குப் பின்னால் மஞ்சள் வெளிச்சம். நர்ஸ் ஓடியபோது செருப்புச் சத்தம் கேட்டு அரைகுறையாக முழித்தேன். அதற்குப் பிறகு உன் குரல் கேட்டதா என்று இரண்டு வாரமாக என்னையே கேட்டுக்கொண்டிருக்கிறேன். நினைவில் இல்லை அக்கா. கேட்டது என்று சொன்னால் உனக்கு எவ்வளவு ஆறுதலாக இருக்கும் என்று தெரியும். சொல்ல நாக்கு நுனிவரை வந்தது. ஆனால் நீ கண்டுபிடித்துவிடுவாய், அப்புறம் அதுவும் இல்லாமல் போய்விடும்.

தெரிந்து எடுக்கவில்லை. இது சத்தியம். ஆனால் தூங்குகிறவனுக்கும் காது திறந்துதானே இருக்கிறது? அன்றைக்கு நர்ஸ் கேட்டதும் என் வாய் அதைச் சொன்னதே, அது வேறு எங்கிருந்து வந்திருக்கும்? என் விதிப்படி இந்த மாதிரிச் சாட்சியை நான் ஏற்க மாட்டேன். இந்தப் புத்தகத்துக்காக யார் யாரையோ திருப்பி அனுப்பியிருக்கிறேன். இப்போது என் வாசலில் நானே வந்து நிற்கிறேன், உள்ளே விடுவதா என்று தெரியவில்லை.

விட்டுவிட்டேன். நீ கூப்பிட்டாய், நான் கேட்டிருக்கிறேன். அவளுக்குப் பெயர் இருக்கிறது.

அச்சுக்குப் போகுமுன் கடைசி அத்தியாயத்தை முழுக்க எடுக்கச் சொல்லிவிட்டேன். "சார், அதுதான் சார் புத்தகமே" என்று பதிப்பாளர் கெஞ்சினார். இருக்கட்டும். முன்னுரையில் ஆசை என்று எழுதியிருந்தேனே, அந்தப் பத்தியையும் எடுத்துவிட்டேன். நீ கேட்ட கேள்விக்கு நான் சொன்ன அந்தப் பதிலை என்னால் திரும்ப வாங்க முடியாது. எத்தனை இரவு அதை நினைத்துக்கொண்டு படுத்திருந்தாயோ. என்னை மன்னித்துவிடு அக்கா.

ஒரு பெயரின் கதை ஆரம்பத்திலிருந்து கடைசிவரை என் கைக்குக் கிடைத்தது இதுதான் முதல் தடவை. எழுத மாட்டேன்.

தம்பி


ஆகஸ்ட் 2

அன்பு மகளுக்கு,

நான் நலம். நீயும் அப்பாவும் நலமாக இருக்க வேண்டும். அப்பாவின் கடிதத்தைப் படிக்க எனக்கு இரண்டு நாள் ஆயிற்று. பாதி வரி இன்னொரு வரிக்குள் ஒளிந்திருந்தது. ஒன்றுவிடாமல் கண்டுபிடித்துவிட்டேன் என்று சொல்.

முழங்காலோடு பஸ் ஏறத்தான் போகிறேன். சனிக்கிழமை வருகிறேன். தடுத்து எழுத நேரமிருக்காது. கண் விஷயத்தை மறைத்ததற்கு வந்து வைத்துக்கொள்கிறேன், தயாராக இருக்கச் சொல்.

நீ எட்டு வயதில் பெஞ்சில் உட்கார்ந்து காத்திருந்தாய். உன் பெயரில் ஒரு குறையும் இல்லை. அதைவிட நல்ல பெயர் எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் அதைத்தான் முதலில் வைத்திருப்பேன். நான் கூப்பிடாமல் போனது உன்னால் அல்ல, அவள் திரும்பாததால்.

வந்து இறங்கியதும் கூப்பிட்டுவிடுவேன் என்று நினைக்காதே. மூன்று நாளாகக் கதவைச் சாத்திக்கொண்டு சொல்லிப் பார்க்கிறேன். முதல் எழுத்திலேயே நின்றுவிடுகிறது. இந்த ஜன்மத்தில் முடியுமோ முடியாதோ. வாலு என்றே கூப்பிட்டால் வருத்தப்படாதே.

ஆனால் எழுத முடிகிறது. இந்தக் கடிதத்தைப் பதிவுத் தபாலில் அனுப்புகிறேன். உறைமேல் உன் பெயரை எழுதியிருக்கிறேன், பெரிய எழுத்தில், உன் அப்பாவின் பேனா மாதிரி. பதிவுத் தபாலை உரியவர் கையில்தான் கொடுப்பார்கள். தபால்காரர் வாசலில் நின்று கூப்பிட்டுத்தான் ஆக வேண்டும். நீ இதைப் படிக்கும்போது அதெல்லாம் நடந்து முடிந்திருக்கும். அவர் கூப்பிட்டிருப்பார், நீ உள்ளேயிருந்து "இதோ வரேன்" என்று சொல்லிக்கொண்டு ஓடிவந்திருப்பாய்.

சனிக்கிழமை நான் வந்ததும் அதை எனக்கு ஒருமுறை சொல்லிக் காட்டு. எப்படிச் சொன்னாயோ, அப்படியே.

அத்தை